முத்தவல்லி முதலாளி அல்ல

“தமிழர் சங்கப் பத்திரிகைக்குப் பள்ளிவாசல் சங்கதியில் என்ன வேலை?” இந்தக் கேள்வியை நம்மிடம் மூன்று பேர் மூன்று விதமாகக் கேட்டுவிட்டார்கள். ஒருவர் அன்பாகக் கேட்டார். ஒருவர் சிரித்துக்கொண்டே கேட்டார். மூன்றாமவர் அபர்தீன் பஜாரில் நடுத்தெருவில் நிறுத்தி, விரலை நீட்டிக் கேட்டார். மூவருக்கும் ஒரே பதிலை இங்கே எழுதிவிடுகிறோம்.

வேலை இருக்கிறது. இராமநாதபுரத்திலிருந்தும் நாகப்பட்டினத்திலிருந்தும் கப்பலேறி வந்து இந்தத் தீவில் கொத்து வேலை, துறைமுகச் சுமை வேலை, ரோட்டு வேலை செய்கிற குடும்பங்களில் முஸ்லிம் குடும்பங்களும் உண்டு. வாரக் கூலியில் பத்தோ இருபதோ பள்ளிவாசல் உண்டியலில் விழுகிறது. ஊரில் உள்ள தர்காவுக்கும் கந்தூரிக்கும் மணியார்டர் போகிறது. அது உழைப்பாளியின் பணம். உழைப்பாளியின் பணம் எங்கே போகிறது என்று கேட்பது இந்தப் பத்திரிகையின் முதல் வேலை. அந்தப் பணம் கோயிலுக்குப் போனாலும் மாதா கோயிலுக்குப் போனாலும் பள்ளிவாசலுக்குப் போனாலும் கேட்போம். நம் சங்கத்தின் வரவு செலவையும் ஆண்டுதோறும் கேட்கிறீர்கள், படித்துக் காட்டுகிறோம். அதில் யாருக்கும் மானம் போய்விடவில்லை.

முதலில் சங்கதி என்னவென்று பார்ப்போம். வக்பு என்றால் ஒருவர் தன் நிலத்தையோ கட்டடத்தையோ இறைவன் பேரால் அறத்துக்கு எழுதிவைத்துவிடுவது. எழுதிவைத்த பிறகு அது அவருடையது அல்ல, அவர் பிள்ளைகளுடையதும் அல்ல. விற்க முடியாது, தானம் கொடுக்க முடியாது, வாரிசுக்குப் போகாது. கலீபா உமர் அவர்கள் கைபரில் தமக்குக் கிடைத்த நிலத்தை நபிகள் நாயகத்திடம் யோசனை கேட்டு இப்படி ஒதுக்கிவைத்த வரலாறு முஸ்லிம் பிள்ளைகள் மத்ரசாவில் படிப்பதுதான். அந்த ஏற்பாட்டில் நிர்வாகிக்கும் ஒரு இடம் உண்டு. நிர்வாகம் செய்பவர் தன் தேவைக்கு நியாயமான அளவில் அதிலிருந்து சாப்பிடலாம், ஆனால் அதை வைத்துச் சொத்துச் சேர்க்கக் கூடாது. இந்த நிர்வாகிதான் முத்தவல்லி. சாப்பிடலாம், சேர்க்கக் கூடாது. ஆயிரத்து நானூறு வருடத்துக்கு முந்திய இந்த வரம்பைத்தான் இன்றைய சில முத்தவல்லிகள் தலைகீழாகப் புரிந்துகொண்டிருக்கிறார்கள்.

ஹனபி சட்ட நூலான ஹிதாயா இன்னும் ஒரு படி மேலே போகிறது. சொத்தை எழுதிவைத்தவரே முத்தவல்லியாக இருந்தாலும், அவர் நம்பிக்கைக்கு உரியவராக இல்லையென்றால் காஜி அவரை நீக்கலாம். “என்னை யாரும் நீக்கக் கூடாது” என்று அவர் பத்திரத்திலேயே எழுதிவைத்திருந்தாலும் அந்த நிபந்தனை செல்லாது. சொத்தைக் கொடுத்தவருக்கே இந்தக் கதி என்றால், கொடுத்தவரின் பேரனுக்கும் கொள்ளுப்பேரனுக்கும் என்ன தனிச் சலுகை இருக்க முடியும்? “முத்தவல்லியை எதிர்ப்பது மார்க்கத்தை எதிர்ப்பது” என்று மிரட்டுகிறவர்கள் முதலில் தங்கள் சட்டப் புத்தகத்தைத் திறந்து பார்க்கட்டும்.

வெள்ளைக்காரன் காலத்து வழக்கு மன்றமும் இதையேதான் சொன்னது. 1921இல் சென்னை மாகாணத்து மடம் ஒன்றின் வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போயிற்று. தீர்ப்பு எழுதியவர் நீதிபதி அமீர் அலி. மடாதிபதியைப் பற்றிச் சொல்லவந்த இடத்தில் முத்தவல்லியைப் பற்றியும் தெளிவாகச் சொன்னார்: வக்புச் சொத்து இறைவனைச் சேர்ந்தது, முத்தவல்லிக்கு அதில் உடைமை இல்லை, அவர் வெறும் மேலாளர். இங்கிலீஷ் சட்டத்தில் டிரஸ்டிக்குச் சொத்து சட்டப்படி கைமாறுகிறது. முத்தவல்லிக்கு அதுவும் கிடையாது. சாவிக்கொத்து மட்டும்தான் அவர் கையில்.

அதற்கு ஐந்து வருடம் முன்னால், 1916இல், அதே அமீர் அலி ரங்கூன் சுன்னி ஜாமிஆ மசூதி வழக்கில் ஒரு தீர்ப்புச் சொன்னார். இது நம்மைப்போல் பிழைக்கப் போன இடத்தில் பள்ளிவாசல் கட்டியவர்களின் வழக்கு. சூரத்துப் பக்கம் ராந்தேரிலிருந்து போன வியாபாரிகள் ஒரு பக்கம், தொழவருகிற மற்றவர்கள் ஒரு பக்கம் என்று நிர்வாகச் சண்டை. பிரிவி கவுன்சில் வகுத்த கொள்கை இதுதான்: பொது வக்பின் நோக்கத்தை நீதிமன்றம் மாற்றக் கூடாது. ஆனால் நிர்வாகத்தை எப்படி அமைப்பது என்பதில், பழைய வழக்கத்தைவிடப் பயன்பெறுகிற பொதுமக்களின் நலனே முதலில் வர வேண்டும். கவனியுங்கள். பொதுமக்களின் நலன். பணக்கார வியாபாரியின் கௌரவம் அல்ல.

நாங்கள் ரயில்வே கிளார்க்குகள். தண்டவாளமே இல்லாத தீவில் ரயில் டிக்கெட் பதிவு செய்துகொடுக்கிற உத்தியோகம் என்று கேலி செய்வார்கள், பரவாயில்லை. இந்த உத்தியோகத்தில் ஒரு விதி உண்டு. கவுன்ட்டரில் உட்காரும் முன் சட்டைப்பையில் சொந்தப் பணம் எவ்வளவு இருக்கிறது என்று பதிவேட்டில் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். விஜிலன்ஸ் வந்து எண்ணும்போது ஐம்பது ரூபாய் கூடினாலும் குற்றம், குறைந்தாலும் குற்றம். குறைந்தால் எங்கள் பையிலிருந்து கட்ட வேண்டும். யாரும் “என்னை நம்பவில்லையா?” என்று கோபித்துக்கொள்வதில்லை. பொதுப்பணத்தைத் தொடுகிறவனுக்கு அதுதான் சட்டை. மாதச் சம்பளக்காரனுக்கு இந்த விதி என்றால், கடைவீதியில் வக்புக் கடைகளின் வாடகையை வாங்கி மடியில் கட்டுகிறவருக்கு என்ன விதி?

விதி இல்லாமல் இல்லை. சட்டம் மலைபோல் கிடக்கிறது. 1863ஆம் வருட அறக்கட்டளைச் சட்டத்தில் தவறு செய்த டிரஸ்டியை நீக்க வழக்குப் போட வழி வைத்தார்கள். 1908ஆம் வருட சிவில் நடைமுறைச் சட்டத்தின் 92ஆவது பிரிவில், சம்பந்தப்பட்ட இரண்டு பேர் சேர்ந்தால் பொது அறநிலையத்தின் டிரஸ்டியை நீக்கவும், கணக்குக் கேட்கவும், புதிய நிர்வாகத் திட்டம் வகுக்கவும் வழக்குப் போடலாம் என்றார்கள். முன்பு அதற்கு அட்வகேட் ஜெனரலின் ஒப்புதல் வேண்டும், 1976 திருத்தத்துக்குப் பிறகு நீதிமன்றத்தின் அனுமதி இருந்தால் போதும். 1923இல் முசல்மான் வக்புச் சட்டம் முத்தவல்லிகள் நீதிமன்றத்தில் கணக்குக் கொடுக்க வேண்டும் என்றது. சுதந்திரத்துக்குப் பிறகு 1954இல் ஒரு சட்டம், 1995இல் ஒரு சட்டம், 2013இல் திருத்தம், 2025இல் இன்னொரு திருத்தம். “கணக்குக் கொடு” என்று சட்டம் நூறு வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறது. கேட்கிற காது எங்கே?

1995ஆம் வருடச் சட்டத்தின் 64ஆவது பிரிவைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், ஏனென்றால் நம்மில் பெரும்பாலோருக்கு அப்படி ஒரு பிரிவு இருப்பதே தெரியாது. முத்தவல்லியை வக்பு வாரியம் எந்தெந்தக் காரணத்துக்காக நீக்கலாம் என்று அதில் பட்டியல் இருக்கிறது. நம்பிக்கை மோசடிக் குற்றத்தில் தண்டனை பெற்றவர். குடிக்கோ போதைப் பொருளுக்கோ அடிமையானவர். திவாலானவர். நியாயமான காரணம் இல்லாமல் கணக்கு எழுதாதவர், வாரியத்துக்குக் கணக்கு அனுப்பாதவர் (சட்டம் எழுதியபோது அடுத்தடுத்து இரண்டு வருடம் என்று கெடு வைத்தார்கள்). வக்பின் குத்தகையிலோ கான்டிராக்டிலோ நேராகவோ மறைவாகவோ பங்கு வைத்திருப்பவர். வாரியத்தின் நியாயமான உத்தரவை வேண்டுமென்றே திரும்பத் திரும்ப மீறுகிறவர். சம்பளம் வாங்கிக்கொண்டு அந்த வக்புக்காகவோ அதற்கு எதிராகவோ வக்கீலாக நிற்பவர்.

குத்தகை விஷயத்தைப் பாருங்கள். வக்புக் கடையை மைத்துனன் பேரில் நூறு ரூபாய்க்கு எடுத்து, அடுத்தவனுக்கு ஆறாயிரத்துக்கு உள்வாடகை விடுகிற வித்தை தெரியாத ஊர் உண்டா? பெயர் சொல்ல வேண்டாம். படிக்கிற ஒவ்வொருவருக்கும் ஒரு கடை ஞாபகத்துக்கு வரும். அந்த ஐயாயிரத்துத் தொள்ளாயிரம் யாருடையது? மோதினாருக்குச் சம்பளம் கூட்டக் காசில்லை என்கிறார்களே, அந்தச் சம்பளம். மத்ரசாக் கூரை ஒழுகுகிறதே, அந்தத் தகரம். அனாதைப் பிள்ளைக்கு நோட்டுப் புத்தகம், விதவைக்கு அரிசி. சந்தூக்கு தூக்கிப் போகிற ஏழையின் வீட்டாரிடம் குழிக்கூலி கேட்காமல் இருக்கிற கருணை.

2006இல் சச்சார் கமிட்டி இந்தியா முழுமைக்கும் இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டியது. பதிவான வக்புச் சொத்துக்கள் 4.9 லட்சம். நிலப்பரப்பு சுமார் 6 லட்சம் ஏக்கர். சந்தை மதிப்பு 1.2 லட்சம் கோடி ரூபாய் என்று மதிப்பிட்டார்கள். வருடத்தில் கிடைத்த வருமானம் 163 கோடி. முறையாக நிர்வாகம் செய்தால் 12,000 கோடி கிடைக்கும் என்றார்கள். இது இருபது வருடத்துக்கு முந்திய மதிப்பு. மீதியைத் தின்றவர்கள் யார்? முத்தவல்லி மட்டும் தின்றார் என்று நாம் சொல்லமாட்டோம். அரசாங்க அலுவலகங்களே வக்பு நிலத்தில் உட்கார்ந்திருப்பதை அதே கமிட்டி எழுதியிருக்கிறது. பெரிய கடைக்காரர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்களைக் கிளப்புவது எந்த நீதிமன்றத்தின் வேலை என்பதே பெரிய வழக்காயிற்று. ஹைதராபாத் சுக்ரா ஹுமாயூன் மிர்சா வக்பு வழக்கில், வாடகைதாரரை வெளியேற்றும் வழக்கு வக்புத் தீர்ப்பாயத்துக்கு வராது, சிவில் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும் என்று 2010இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2013இல் சட்டத்தைத் திருத்தித் தீர்ப்பாயத்துக்கே அந்த அதிகாரத்தைக் கொடுத்தார்கள். எந்த வாசலில் நிற்பது என்று வழக்குரைஞர்கள் வாதாடிக்கொண்டிருந்த நாளெல்லாம் வாடகை பாக்கி கிடந்தது.

நீக்குவது ஏன் இவ்வளவு கடினம்? காரணத்தின் ஒரு பாதி நியாயமானது. பொறாமையால் புகார் போடுகிறவர்கள் எல்லா ஊரிலும் உண்டு. தேர்தலில் தோற்ற கோஷ்டி மறுநாளே மனு எழுதும். ஆகவே விசாரணை இல்லாமல் நீக்கக் கூடாது, வாரிய உறுப்பினர்களில் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாதவர்கள் சேர்ந்து முடிவெடுக்க வேண்டும், நீக்கப்பட்டவர் ஒரு மாதத்துக்குள் தீர்ப்பாயத்தில் முறையிடலாம் என்று சட்டம் காவல் வைத்தது. தொழிற்சங்கத்துக்காரர்கள் நாம். நோட்டீசு கொடுக்காமல், விளக்கம் கேட்காமல் ஒரு கலாசியைக்கூட நீக்கவிடமாட்டோம். முத்தவல்லிக்கும் அந்த உரிமை வேண்டும்.

மறு பாதிதான் அநியாயம். தீர்ப்பாயத்திலிருந்து உயர் நீதிமன்றம், அங்கிருந்து உச்ச நீதிமன்றம். ஒவ்வொரு படியிலும் ஒரு தடை உத்தரவு. இந்த வழக்குச் செலவை யார் கொடுக்கிறார்கள்? பல இடங்களில் வக்பின் பணத்தில்தான் நடக்கிறது. உன் உண்டியல் காசை எடுத்து, உனக்கே எதிராக வக்கீல் வைக்கிறார்கள்!

நாகூரை எடுத்துக்கொள்ளுங்கள். ஷாகுல் ஹமீது ஆண்டகையின் தர்கா முஸ்லிம்களுக்கு மட்டும் சொந்தமான புகழ் அல்ல. 131 அடி உயரப் பெரிய மினாராவைக் கட்டிக்கொடுத்தவர் தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப சிங். சந்தனக்கூட்டுக்கு வருகிற கூட்டத்தில் யார் எந்த மதம் என்று பிரித்துப் பார்க்க முடியாது. கடல் கடந்து பிழைக்கப் போன தமிழ் முஸ்லிம்கள் பினாங்கின் சூலியா தெருவிலும் சிங்கப்பூரின் தெலோக் ஆயர் தெருவிலும் நாகூர் பெயரிலேயே தர்கா எழுப்பினார்கள். சிங்கப்பூரில் அதைக் கட்டி முடித்தது 1830 வாக்கில். கப்பல் கரை சேர்ந்தால் காணிக்கை நாகூருக்கு. நம் தீவிலிருந்தும் அப்படிப் போன காணிக்கை உண்டு.

அந்த நாகூரில் பரம்பரை டிரஸ்டிகளும் காசுப்பங்கு உரிமைக்காரர்களும், நீதிமன்றம் வகுத்த திட்டத்தின்படி நிர்வாகம் நடத்திவந்தார்கள். நிர்வாகப் பொறுப்பில் தகராறு முற்றியபோது 2017இல் சென்னை உயர் நீதிமன்றம் ஓய்வுபெற்ற ஐ.ஏ.எஸ். அதிகாரி ஒருவரையும் ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி ஒருவரையும் இடைக்கால நிர்வாகிகளாக நியமித்தது. நான்கு மாதத்துக்கு. அந்த நான்கு மாதம் ஐந்து வருடமாக நீண்டது. 2022இல் தலைமை நீதிபதி அமர்வுதான் அந்த ஏற்பாட்டுக்கு முடிவு கட்டி, பொறுப்பை வக்பு வாரியத்திடம் ஒப்படைக்கச் சொன்னது. அந்த இருவர் மேல் நாம் எந்தப் பழியும் சொல்லவில்லை. நாம் கேட்பது வேறு. நான்கு மாதம் ஐந்து வருடமாகிற நாட்டில், காணிக்கை போடுகிற கூலிக்காரன் எந்த இடத்தில் நின்று கேள்வி கேட்பான்? டிரஸ்டிக்கு வக்கீல் உண்டு. பங்குக்காரருக்கு வக்கீல் உண்டு. வாரியத்துக்கு வக்கீல் உண்டு. உண்டியலில் போட்டவனுக்கு?

“பரம்பரை” என்ற சொல்லைச் சொன்னவுடன் எல்லோரும் வாயைப் பொத்திக்கொள்கிறோம். வேண்டியதில்லை. தமிழ்நாட்டு ஊர் ஒன்றின் பள்ளிவாசலுக்கும் மையவாடிக்கும் உரிமை கொண்டாடிய லப்பை குடும்பத்தாருக்கும் ஊர் ராவுத்தர்களுக்கும் நடந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 1976இல் நீதிபதி பசல் அலி எழுதிய தீர்ப்பு இதைத் தீர்த்துவைத்தது: பள்ளிவாசல் என்று ஆகிவிட்டால் அது பொது. நெடுங்காலமாக ஊரார் எல்லோரையும் அடக்கம் செய்துவந்த மண் பொது மையவாடி. குடும்பத்தின் தனிச் சொத்து என்று அதைக் கட்டிப்போட முடியாது. ராவுத்தர்கள் விடாமல் நின்றதால் அந்தத் தீர்ப்புக் கிடைத்தது.

கணக்குக் கேட்காமல் விட்டால் என்ன நடக்கும் என்பதற்குப் பினாங்கு ஒரு பாடம். கப்பித்தான் கிளிங் காதிர் முகைதீன் நம் தமிழ்க் கரையிலிருந்து போனவர். 1801இல் கிழக்கிந்தியக் கம்பெனி பள்ளிவாசலுக்கென்று கொடுத்த நிலம் 18 ஏக்கர், ஊரின் நடுவில். நூறு வருடத்தில் அந்த மண் பொன்னாயிற்று. வாரிசுகளும் நிர்வாகிகளும் சண்டை போட்டார்கள், நிர்வாகம் சீர்குலைந்தது. பார்த்துக்கொண்டிருந்த வெள்ளைக்கார சர்க்கார் 1905இல் ஒரு சட்டம் கொண்டுவந்தது. முகமதியர், இந்துக்கள் இருவரின் அறநிலையங்களுக்கும் சேர்த்துச் சர்க்கார் நியமிக்கிற வாரியம். பள்ளிவாசலின் நிர்வாகம் அந்த வாரியத்தின் கைக்குப் போயிற்று. சிங்கப்பூரில் மாரியம்மன் கோயிலுக்கும் இதே கதிதான். சீர்கேடு நின்றது என்று சிலர் மெச்சலாம். ஆனால் தமிழ்க் கூலியின் காசில் வளர்ந்த சொத்துக்குத் தமிழ்க் கூலி சொந்தக்காரனாகவில்லை. முன்பு வாரிசிடம் கைகட்டி நின்றவன், பிறகு துரையிடம் கைகட்டி நின்றான்.

இப்போது நம் தீவுக்கு வருவோம். இங்கேதான் நெருப்பு காலடியில் இருக்கிறது.

போர்ட் பிளேரில் (2024 செப்டம்பரில் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாற்றிவிட்டார்கள், நம் வாயில் பழைய பெயர்தான் வருகிறது) முஸ்லிம்களின் வரலாறு கைதிகளிலிருந்து தொடங்குகிறது. 1857 கிளர்ச்சிக்காக நாடு கடத்தப்பட்டு 1861இல் இங்கேயே இறந்த மௌலானா பசலே ஹக் கைராபாதியின் அடக்கத்தலம் இங்கே இருக்கிறது. 1921 மலபார் கிளர்ச்சிக்குப் பிறகு கொண்டுவரப்பட்ட மாப்பிள்ளைமார் தங்கள் ஊர்ப்பெயர்களையே இந்த மண்ணுக்கு வைத்தார்கள்: மஞ்சேரி, திரூர், மண்ணார்காடு. பின்னால் தமிழ்நாட்டிலிருந்து நாமெல்லாம் வந்தோம். இவர்கள் தொழ இடம் ஒதுக்கினார்கள், செத்தவர்களைப் புதைக்க இடம் ஒதுக்கினார்கள். கைதியிடம் பத்திரம் இருந்திருக்குமா? முத்திரைத்தாள் வாங்கி வக்பு எழுதியிருப்பானா? தொழுதான், புதைத்தான். அவ்வளவுதான் ஆதாரம்.

அதைத்தான் சட்டத்தில் “பயன்பாட்டினால் வக்பு” என்றார்கள். 2025 ஏப்ரல் 8 அன்று நடைமுறைக்கு வந்த திருத்தச் சட்டம், இனிமேல் அப்படி வக்பு உண்டாகாது என்று அந்த வழியை அடைத்துவிட்டது. அதற்கு முன் பதிவானவை மட்டும் வக்பாக நீடிக்கும், ஆனால் அதிலும் ஒரு கொக்கி: தகராறில் இருக்கிற சொத்துக்கும் அரசாங்கச் சொத்துக்கும் அந்தப் பாதுகாப்பு இல்லை.

அரசாங்கச் சொத்து! இந்தத் தீவுகளில் எது அரசாங்கச் சொத்து அல்ல? 1966ஆம் வருட நில வருவாய், நிலச் சீர்திருத்த ஒழுங்குமுறைப்படி இங்குள்ள நிலம் முழுவதும் அரசாங்கத்தைச் சேர்ந்தது. அந்த ஒழுங்குமுறையின்படி உரிமை கிடைத்தால் உண்டு, வெறும் அனுபவத்தால் உரிமை வராது. வீட்டுமனைக்கு அலைந்த ஒவ்வொரு தமிழ்க் குடும்பத்துக்கும் இது நன்றாகத் தெரியும். நம்முடைய குடிசைக்கு நேர்ந்தது நாளை மையவாடிக்கும் நேரலாம். 2025 செப்டம்பர் 15 அன்று உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவில் சில பிரிவுகளை நிறுத்திவைத்தது. சொத்து அரசாங்கத்துடையதா என்று கலெக்டருக்கு மேல் தரத்து அதிகாரியே தீர்மானித்துப் பதிவேட்டை மாற்றுகிற ஏற்பாடு நிறுத்தப்பட்டது நல்லதே. ஆனால் பயன்பாட்டினால் வக்பு என்ற வழியை அடைத்ததையும், பதிவுக் கட்டாயத்தையும் நிறுத்தவில்லை.

ஆகவே இன்று கேள்வி காசு மட்டுமல்ல, மண். முன்பெல்லாம் முத்தவல்லி சோம்பேறியாக இருந்தால் வாடகை போகும். இப்போது அவர் பதிவு செய்யாவிட்டால், காகிதத்தைத் தேடி எடுத்துக் கட்டாவிட்டால், சொத்தே போகும். 2025 ஜூன் 6 அன்று மத்திய அரசு “உமீத்” என்ற கணினிப் பதிவேட்டைத் திறந்து, ஆறு மாதத்துக்குள் ஒவ்வொரு வக்புச் சொத்தின் விவரத்தையும் ஏற்றச் சொன்னது. எத்தனை முத்தவல்லிகள் ஜமாஅத்தைக் கூட்டி, “நம் பள்ளிவாசல் ஏற்றப்பட்டுவிட்டது, இதோ எண்” என்று காட்டினார்கள்? உங்கள் மஹல்லாவில் காட்டினார்களா? காட்டவில்லையென்றால் ஏன் நீங்கள் கேட்கவில்லை?

“சமுதாயத்தில் பித்னா உண்டாக்காதீர்கள், எதிரிகள் சிரிப்பார்கள்” என்று ஒரு வாதம் வரும். எதிரி இன்று சிரிக்கவில்லை என்று யார் சொன்னது? முத்தவல்லி தின்றதைக் காட்டித்தானே சட்டத்தைத் திருத்தினார்கள்! நாடாளுமன்றத்தில் சொன்ன காரணமே நிர்வாகச் சீர்கேடு. மூடி மறைத்த ஒவ்வொரு கணக்கும் அவர்கள் கைக்குக் கிடைத்த கல். மறைத்தவன்தான் கல்லை எடுத்துக் கொடுத்தான்.

இதற்கு நேர் எதிரான வாதமும் வருகிறது: “முத்தவல்லிகள் எல்லாம் மோசம், சர்க்காரே எடுத்துக்கொள்ளட்டும்.” சர்க்கார் ஊழியர்களாகவே சொல்கிறோம், வேண்டாம். ஃபைல் எப்படி நகரும் என்று எங்களுக்குத் தெரியும். 2004 சுனாமியில் கச்சால் தீவில் ரப்பர்த் தோட்டத்து இலங்கைத் தமிழ்க் குடும்பங்கள் பட்ட பாடு ஞாபகம் இருப்பவர்கள், ஒரு மனு மேசையிலிருந்து மேசைக்குப் போக எத்தனை பருவமழை பிடிக்கும் என்று சொல்வார்கள். சாவியை முத்தவல்லியின் மடியிலிருந்து பிடுங்கி கலெக்டர் அலுவலக ஆணியில் மாட்டினால் தொழுகிறவனுக்கு என்ன லாபம்? முத்தவல்லிக்குப் பதில் இன்னொரு முத்தவல்லி, அவருக்கு பென்ஷன் வேறு.

இரண்டும் வேண்டாமென்றால் மிஞ்சுவது ஒன்றுதான்: தொழுகிறவர்களே கேட்பது. அதற்கும் சட்டத்தில் இடம் இருக்கிறது. 1995ஆம் வருடச் சட்டம் வக்பில் “அக்கறை உடையவர்” யார் என்று விளக்கும்போது, அந்தப் பள்ளிவாசலில், தர்காவில், மையவாடியில் தொழவும் சடங்கு செய்யவும் உரிமை உள்ள எவரும் என்கிறது. பணக்காரர் என்று இல்லை. உள்ளூரில் பிறந்தவர் என்று இல்லை. நேற்றுக் கப்பலில் வந்து இன்று ஜும்ஆவுக்கு நின்ற கொத்தனாருக்கும் அந்த உரிமை உண்டு. 70ஆவது பிரிவின்படி அப்படிப்பட்டவர் சத்தியப் பிரமாணத்துடன் வாரியத்துக்கு மனுக்கொடுத்து, நிர்வாகத்தைப் பற்றி விசாரிக்கச் சொல்லலாம். நியாயமான காரணம் இருக்கிறது என்று வாரியத்துக்குப் பட்டால் விசாரிக்க வேண்டும். வழக்கைச் சமாதானமாக முடிக்கிறோம் என்று முத்தவல்லி தானாகவே கைகுலுக்கிவிட்டு வரவும் முடியாது, வாரியத்தின் ஒப்புதல் வேண்டும்.

“நீ கொடுக்கிறது இருபது ரூபாய், அதற்குக் கணக்கா?” என்று நம் உறுப்பினர் ஒருவரை ஒரு பள்ளிவாசலில் கேட்டார்கள். அவர் சென்ட்ரிங் வேலை செய்கிறவர், சத்தம் போடத் தெரியாதவர். ஒரு வருடத்துக்கு ஐம்பத்திரண்டு ஜும்ஆ, பதினோரு வருடம் என்று விரல் விட்டு எண்ணிப் பதினோராயிரத்துச் சொச்சம் என்று சொல்லிவிட்டு நின்றாராம். பதில் வரவில்லை. அந்தத் தொகை ஒரு கூலிக்காரர் கொடுத்தது. அங்கே வரிசையில் நின்றவர்கள் எத்தனை பேர்?

மனு எழுத விரும்புகிறவர்கள் தனியாகப் போக வேண்டாம், ஐந்தாறு பேராகச் சேருங்கள். பெண்களும் கையெழுத்துப் போடலாம், அவர்கள் கணவனைப் புதைத்த மண் அது. மனுவில் வசை வேண்டாம், வதந்தி வேண்டாம். நான்கு கேள்வி போதும்: சொத்து பதிவாகியிருக்கிறதா, எண் என்ன? கடைசியாகக் கணக்கு எந்த வருடத்துக்குக் கொடுக்கப்பட்டது? ஒவ்வொரு கடையும் யார் பெயரில், என்ன வாடகைக்கு இருக்கிறது? மையவாடியின் எல்லை அளந்து வரைபடம் இருக்கிறதா? எழுதித்தர நம் சங்கத்தில் ஆள் இருக்கிறது, சத்தியப் பிரமாணத்துக்கான நோட்டரிச் செலவைச் சங்கம் ஏற்கும். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வாருங்கள். வரும்போது சந்தா ரசீதுகளைக் கொண்டுவாருங்கள். ரசீதே கொடுக்கப்படாதவர்கள், எந்த வருடம் எவ்வளவு கொடுத்தீர்கள் என்று ஒரு தாளில் எழுதிக் கொண்டுவாருங்கள்.